கைக்கு நெசம் பொய் தெரியாது

அவள் பொத்தான் போடும்போது கீழே குனிந்து பார்த்து நான் கண்டதில்லை. பேசிக்கொண்டே போடுவாள், ரயிலுக்கு ஓடிக்கொண்டே போடுவாள், என்னைத் திட்டிக்கொண்டே போடுவாள். எங்களுக்குக் காக்கிச் சேலையை மாற்றிப் பேண்ட் சட்டை கொடுத்த புதிது அது. நானோ கண்ணாடி முன்னால் நின்று, மோவாயை நெஞ்சில் புதைத்துக்கொண்டு, ஒவ்வொன்றாய்த் துளை தேடுகிறவள்.

"கரண்டு பூட்டா ஜாக்கெட் கொக்கி போட மாட்டியா நீ? அப்ப எந்தக் கண்ணு பாக்குது?" என்று கேட்பாள்.

"போடி" என்பேன்.

அவள் பெயரை எழுதப் போவதில்லை. எழுதினால் அவளுக்குப் பிடிக்காது. அவளுக்கு ஆகாத காரியம் ஒன்றை ஏற்கெனவே செய்துவிட்டவள் நான், இன்னொன்று வேண்டாம். இப்போது குத்தம்பாக்கம் பக்கம் அண்ணன் மகன் வீட்டோடு இருப்பதாகக் கேள்வி. பஸ் பிடித்தால் ஒரு மணி நேரம். நான் போனதில்லை.

தொண்ணூறுகளின் தொடக்கம். ஆவடியில் ஓர் ஆயுதப் போலீஸ் கம்பெனியில் நாங்கள் இருவரும் கான்ஸ்டபிள்கள். நான் கொரட்டூரில் ரயில் ஏறுவேன், அவள் அம்பத்தூரில் அதே பெட்டியில் ஏறுவாள். நான் கம்பியைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு, வண்டி ஆடும்போதெல்லாம் அடுத்தவள் மேல் விழுந்து வாங்கிக் கட்டிக்கொண்டிருப்பேன். அவள் எதையும் பிடிக்க மாட்டாள். காலைக் கொஞ்சம் அகட்டி, முழங்காலைத் தளர்த்தி, வண்டி போகிற பக்கம் தானும் அசைந்துகொண்டு, திறந்த டிபன் பாக்ஸில் இட்லி தின்பாள். சட்னி ஒரு சொட்டு சிந்தாது.

"ரயிலோட சண்ட போடாதடி. அது பெருசு, நீ சின்னது. அது போற பக்கம் போ" என்பாள்.

போலீஸுக்கு வருமுன் அம்பத்தூர் எஸ்டேட்டில் திருகாணி பாக்கெட் போடும் வேலையில் இருந்தாளாம். பாக்கெட்டுக்கு ஆறு. மூன்று வருஷம் ஆறு ஆறாய் அள்ளிய கை. என் வீட்டில் ஒருநாள் வேர்க்கடலைத் தட்டைப் பார்க்காமலே அள்ளி என் மகள் கையில் வைத்தாள், எண்ணிப் பார்த்தால் ஆறு. குழந்தை விடவில்லை, பத்துத் தடவை அள்ளச் சொன்னாள். ஒன்பது தடவை ஆறு வந்தது, ஒரு தடவை ஏழு. "அதுல ஒண்ணு சொத்தக் கடல, கனம் இல்ல" என்று எடுத்துப் போட்டாள். உடைத்தால் சொத்தைதான்.

உடம்புக்கு எல்லாம் தெரியும், நாம்தான் நடுவில் புகுந்து கெடுக்கிறோம் என்பது அவள் கட்சி. அந்தக் கட்சியை என் அடுப்படி வரை கொண்டுவந்தாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து மாதா கோயிலிலிருந்து நான் வீடு திரும்பினால், உப்பு டப்பா இடம் மாறியிருக்கிறது, தண்ணீர்க் குடம் இடது பக்கம் போயிருக்கிறது, கரண்டிகள் என் இடுப்பு உயரத்தில் தொங்குகின்றன. எனக்கு வந்தது பாருங்கள் ஆத்திரம். யார் வீட்டு அடுப்படி, யார் வந்து கை வைப்பது? இரண்டு நாள் அவளோடு பேசவில்லை. மூன்றாம் நாள் சமைத்து முடித்த பிறகுதான் கவனித்தேன், முதுகு வலிக்கவில்லை. அதை அவளிடம் ஒத்துக்கொள்ளவில்லை. ஒத்துக்கொண்டால் அடுத்து பீரோவை நகர்த்துவாள்.

இந்தச் சமயத்தில்தான் பெண் கைதிகளைக் கோர்ட்டுக்குக் கூட்டிப் போகிற எங்களுக்கும் கைத்துப்பாக்கி பழக்கலாம் என்று மேலே யாருக்கோ தோன்றியது. எட்டுப் பேரைப் பொறுக்கினார்கள். அதில் அவளும் உண்டு, நானும் உண்டு. பழைய ரிவால்வர். நடுவில் ஒடித்தால் பூட்டு விட்டு, குழல் கீழே தொங்கும். ஒடிக்கும்போதே உள்ளிருந்து நட்சத்திரம் மாதிரி ஒரு தகடு எழும்பி, சுட்ட ஆறு தோட்டாவின் வெற்றுக் கூடுகளையும் மேலே தள்ளும். பித்தளைக் கூடு. அதற்கு எங்கள் பேச்சில் எம்டி என்று பெயர்.

சும்மா சொல்லக் கூடாது, எங்கள் ஆர்மரியில், அதாவது ஆயுதக் கிடங்கில், துப்பாக்கியைவிட எம்டிக்குத்தான் மரியாதை. ஆர்மரி ஏட்டு ஒருவர் இருந்தார். காதில் பென்சில், கையில் தகர டப்பா. பதினெட்டு தோட்டா வாங்கினால் பதினெட்டு எம்டி அந்த டப்பாவில் திரும்ப விழ வேண்டும். ஒன்று குறைந்தால் ஒரு தோட்டாவை வெளியே கடத்திவிட்டாய் என்று அர்த்தம். அதனால் எங்களுக்கு அவர் சொல்லிக்கொடுத்த முறை இது: துப்பாக்கியை ஒடிக்கும்போதே இடது உள்ளங்கையைக் குவித்து மேலே மூடி ஆறையும் பிடிக்க வேண்டும். சட்டையின் இடது பையில் போட வேண்டும். பையின் பொத்தானை மாட்ட வேண்டும். அதற்கப்புறம்தான் இடுப்புப் பையிலிருந்து புதுத் தோட்டாவைத் தொடலாம். இதற்கு அவரே ஒரு தாளம் கட்டியிருந்தார்.

"ஒடி. பிடி. பை. பொத்தான்."

எட்டுப் பெண்களும் வெயிலில் நின்று கத்துவோம். ஒடி, பிடி, பை, பொத்தான். எனக்கு அந்தப் பை ரொம்பப் பிடித்திருந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். பிறந்ததிலிருந்து பை வைத்த துணி உடுத்தாதவள் நான். முந்தானையில் முடிந்தே காலம் தள்ளியவளுக்கு நெஞ்சுக்கு மேல் ஒரு பை, அதற்கு ஒரு மூடி, மூடிக்கு ஒரு பொத்தான். தொட்டுத் தொட்டுப் பார்ப்பேன்.

இரண்டாவது வாரம் என் எம்டியில் ஒன்று குறைந்தது. பதினேழுதான் இருந்தது.

வேலை போச்சு என்றே நினைத்தேன். என் வீட்டுக்காரர் வேலை பார்த்த கம்பெனியில் கதவடைப்பு. ஒன்பது மாதமாய் அவர் வீட்டில் உட்கார்ந்து சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் ஒருத்தி கொண்டுவந்தால்தான் அடுப்பு. பதினோரு மணி வெயிலில் எட்டுப் பேரையும் முழங்காலில் போட்டுப் புல்லைத் துழாவ வைத்தார்கள். மற்ற ஏழு பேரும் என்னைப் பார்த்த பார்வை இன்னும் முதுகில் இருக்கிறது. இரண்டு மணி வரை தேடினோம். கிடைக்கவில்லை.

தண்ணீர் குடிக்க நான் எழுந்து நாலு அடி நடந்தேன். அவள் புல்லை விட்டுவிட்டு என் காலையே பார்த்தாள்.

"இன்னாடி, வலது காலச் சாச்சி சாச்சி வைக்கற?"

"ஒண்ணும் இல்ல. வுடு."

"ஒண்ணும் இல்லாம ஒடம்பு சாயாது. ஷூவைக் கயட்டு."

கழற்றினேன். கேன்வாஸ் ஷூவுக்குள், குதிகாலுக்கு அடியில், எம்டி. பயத்தில் உறுத்தியதுகூட எனக்குத் தெரியவில்லை. எல்லார் முன்னாலும் உட்கார்ந்து அழுதேன். கிடைத்த பிறகும் மெமோ வந்தது. "இன்னொரு வாட்டி கொறஞ்சுதுன்னா பெல்ட்டைக் கயட்டி வெச்சிட்டு ஊட்டுக்குப் போய்க்கினே இரும்மா" என்றார் ஏட்டு. அவர் கெட்ட மனிதர் இல்லை. அவருக்கும் மேலே ஒருவர் டப்பாவை எண்ணிக்கொண்டிருந்தார்.

அன்றிலிருந்து என் கைகளுக்கு ஒரே வேலைதான். குறி தவறட்டும், நேரம் ஆகட்டும், எம்டி தொலையக் கூடாது. வீட்டில் பட்டாணி உரிக்கும்போதுகூட இடது கை தானாகக் குவிந்துகொண்டது. என் வீட்டுக்காரர் பார்த்துவிட்டு, "இன்னாது இது, பைத்தியமா உனக்கு?" என்றார். வேலை இல்லாதவர் கேட்ட கேள்விக்கு நான் சொன்ன பதிலை எழுத முடியாது.

அவளுக்கு இந்த முறையே பிடிக்கவில்லை. முதல் நாளே முகத்தைச் சுளித்தாள். கையை முன்னால் நீட்டி, துப்பாக்கியைக் கண்ணுக்கு நேரே பிடித்து, துளைதுளையாய்த் தேடித் தோட்டா போடுகிற எங்களைப் பார்த்து, "பிச்சயா கேக்கறீங்க?" என்று கேட்டாள். பிறகு யாரும் பார்க்காத நேரத்தில் எனக்குச் செய்து காட்டினாள். முழங்கை இரண்டையும் விலாவோடு விட்டுவிட்டாள். துப்பாக்கி தானாகத் தொப்புளுக்கு நேரே வந்து நின்றது.

"ரெண்டு கையும் தானா சேர்ற எடம் இதான். இங்கதான் பாவாட நாடா கட்டறோம், இங்கதான் கடல உரிக்கறோம். எதுக்கும் கீய பாக்கறதில்ல. சோத்த வாயில வைக்கறப்ப வாயத் தேடறியா?"

துப்பாக்கியைப் பக்கவாட்டில் சாய்த்து ஒடித்தாள். ஆறு எம்டியும் தரையில் கொட்டின. ஒடிந்த குழல் கீழே தொங்க, ஆறு துளைகளும் அவள் நெஞ்சைப் பார்த்துத் திறந்திருந்தன. இடுப்பிலிருந்து இரண்டு இரண்டாக எடுத்து மேலே காட்டினாள். தோட்டாக்கள் அவற்றின் கனத்திலேயே உள்ளே இறங்கின. மூன்று தடவை கை போய் வந்தது, அவ்வளவுதான். அவ்வளவு நேரமும் அவள் கண் எதிரே இருந்த குறி அட்டை மேலேயே இருந்தது.

"உள்ளங்கையால மூடுனா ஒரு எம்டி திரும்பி அந்த நச்சத்திரத்துக்கு அடியில பூந்துக்கும். அப்புறம் ஒண்ணும் நகராது. கொட்டுனா பூமி இஸ்துக்கும். பூமி பண்ற வேலைய நீ ஏண்டி பண்ற?"

"எம்டி?"

"அப்பறமா பொறுக்கிக்கலாம். அதுக்கு இன்னா காலா கீது, ஓடிப் பூட?"

அடுத்த பயிற்சிக்கு மழைக்கோட்டைக் கொண்டுவந்து காலடியில் விரித்தாள். எம்டி அதில் விழும், ஒன்றும் தொலையாது என்பது அவள் கணக்கு. ஏட்டு வந்து பார்த்தார்.

"இன்னாம்மா, பீச்சுல காத்து வாங்க வந்தியா? சுருட்டு அத்த."

"எம்டி எங்கயும் பூடாது சார். கோட்டு மேலதான் வுயும்."

"நெசமா ஒருத்தன் அருவா எடுத்துக்கினு வந்தான்னா, இருப்பா கோட்ட விரிச்சிக்கறேன்னு சொல்லுவியா?"

வாயை மூடிக்கொண்டிருந்திருக்கலாம். அவளுக்கு அது வராது.

"நெசமா ஒருத்தன் வந்தா, இருப்பா எம்டிய பையில போட்டுக்கறேன்னு சொல்லணுமா சார்?"

எங்களில் ஒருத்தி களுக்கென்று சிரித்துவிட்டாள். கேள்வி கேட்டவளுக்கு மைதானத்தைப் பத்துச் சுற்று ஓடும் தண்டனை கிடைத்தது. ஓடி முடித்து வந்து என் பக்கத்தில் மூச்சு வாங்க உட்கார்ந்தவள், ஏட்டைத் திட்டவில்லை. என்னைத்தான் பிடித்துக்கொண்டாள்.

"இங்க பாரு. நெசமா வந்தா நீ இன்னா பண்ணுவ?"

"நெசமா வந்தா எம்டிய எவ பாப்பா? வுட்டுடுவேன்."

"வுட மாட்ட."

"வுட்டுடுவேன்டி. எனக்கு அறிவில்லையா?"

"ஒனக்கு அறிவு கீது. கைக்கு இல்ல. நீ தெனம் இன்னா பண்ணிக்கினு கீறியோ அத்தத்தான் அது பண்ணும். கைக்கு நெசம் பொய் தெரியாது."

நான் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை.

அதற்கப்புறம் ஞாயிற்றுக்கிழமை தோறும் என் வீட்டுக்கு வர ஆரம்பித்தாள். வீட்டில் துப்பாக்கி ஏது? ஒரு எவர்சில்வர் டம்ளர், அதில் என் மகளின் ஆறு சாக்பீஸ். முழங்கையை விலாவில் வை, டம்ளரைச் சாய், சாக்பீஸைக் கொட்டு, கையை நேரே இடுப்புக்குக் கொண்டு போ. இவ்வளவுதான் பாடம். என்னால் முடியவில்லை. டம்ளர் சாயும்போதே என் இடது கை போய்க் குவிந்துவிடும். அவள் என் மணிக்கட்டைப் பிடித்துக் கீழே இழுப்பாள்.

"வுடு. வுயட்டும் வுடு."

"சாக்பீஸ் ஒடஞ்சா இவ டீச்சர் திட்டும்டி."

"நான் ஒரு டப்பா வாங்கித் தர்றேன். வுடு."

நாலு ஞாயிறு. கடைசி ஞாயிறு நாற்பது தடவையாவது செய்திருப்போம். நாற்பதிலும் பிடித்தேன். ஒரு தடவைகூடத் தரையில் ஒரு சாக்பீஸ் விழவில்லை. என் மகள் கை தட்டினாள். சொல்லிக்கொடுத்தவளோ டம்ளரை என்னிடமிருந்து வாங்கி வைத்துவிட்டு சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். கண் கலங்கியிருந்தது. அவளை அப்படி நான் பார்த்ததில்லை.

"எனக்கு பயமா கீதுடி" என்றாள்.

எனக்கு ஏனோ கோபம் வந்தது. பயமாம் பயம். யாருக்கு இல்லை பயம்? "எம்டி கொறஞ்சு எனக்கு வேல பூட்டா நீயா வந்து சோறு போடுவ? அண்ணன் ஊட்ல குந்திக்கினு துன்றவளுக்கு இன்னா தெரியும்" என்று கேட்டுவிட்டேன். நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது, ஆனால் சொன்னது சொன்னதுதான். அவள் எழுந்து செருப்பைப் பார்க்காமலே மாட்டிக்கொண்டு போனாள். அடுத்த ஞாயிறு வரவில்லை. நானும் கூப்பிடவில்லை.

தேர்வு வந்தது. ஆறு சுட்டு, மாற்றிப் போட்டு, மறுபடி ஆறு சுட வேண்டும். முப்பது விநாடி. அவள் பத்தொன்பதில் முடித்தாள். பன்னிரண்டும் அட்டையின் நடுவில். முடித்துத் துப்பாக்கியை வைத்துவிட்டு, தரையில் கிடந்த ஆறையும், துப்பாக்கிக்குள் இருந்த ஆறையும் எடுத்துப் பன்னிரண்டு எம்டியை டப்பாவில் போட்டாள். ஏட்டு எண்ணினார். சரியாக இருந்தது. "சொல்லிக் கொடுத்தபடி செய்யவில்லை" என்று எழுதி, அவளைத் தோற்கடித்தார்கள்.

நான் இருபத்தொன்பதில் முடித்தேன். இரண்டு குண்டு அட்டையிலேயே படவில்லை. பொத்தான் போட்டிருந்தேன். தேறிவிட்டேன்.

ஆக, எனக்கு ரிவால்வர். அவளுக்கு லத்தி. இதை எந்த மாதாவிடம் போய்ச் சொல்ல? ரயிலில் அவள் முகத்தைப் பார்க்க எனக்கு வெட்கமாக இருந்தது. அம்பத்தூரில் ஏறியவள் நேராக என் பக்கத்தில் வந்து நின்றாள், டிபன் பாக்ஸைத் திறந்தாள், ஒரு இட்லியை என் வாயில் திணித்தாள்.

"வுடு. ஒன்னாண்ட துப்பாக்கி கீது. நான் ஒன் பக்கத்துல நின்னுக்கறேன். வேற இன்னா வேணும்" என்றாள்.

மூன்று மாதம் அப்படித்தான் நின்றாள்.

அன்றைக்குப் பூந்தமல்லி கோர்ட்டிலிருந்து ஒரு பெண் கைதியை அம்பத்தூருக்குக் கொண்டு போனோம். ஒரு கொலையைக் கண்ணால் பார்த்தவள், வேறு ஒரு சின்ன வழக்கில் உள்ளே இருந்தாள். அவள் வாய் திறந்தால் நாலைந்து பேருக்குக் கஷ்டம். துணைக்கு வர வேண்டிய ஆண் போலீஸ் வேறு பந்தோபஸ்துக்குப் போய்விட்டார்கள். வேனில் டிரைவர், நாங்கள் இரண்டு பேர், அந்தப் பெண். பகல் பன்னிரண்டு மணி. சென்னீர்குப்பம் தாண்டுமுன் ஒரு லாரி குறுக்கே நின்றது. வேன் நின்றதும் பின்னாலிருந்து ஓர் ஆட்டோ வந்து ஒட்டி நின்றது. நாலு பேர் இறங்கினார்கள். அரிவாள் வெயிலில் தெரிந்தது. டிரைவர் கதவைத் திறந்துகொண்டு ஓடிவிட்டார்.

அவள் ஒரு கணம்கூட யோசிக்கவில்லை. கைதியைப் பின்பக்கமாக இழுத்து இறக்கி, வேனுக்கு அடியில் தள்ளி, அதற்கு முன்னால் லத்தியோடு நின்றாள். காலை அகட்டி, முழங்காலைத் தளர்த்தி, ரயிலில் நிற்பதுபோலவே நின்றாள். நான் அவளுக்குப் பத்தடி தள்ளி, துப்பாக்கியை எடுத்தேன்.

முதல் குண்டை வானத்தில் சுட்டேன். நிற்கவில்லை. தரையில் சுட்டேன். பிறகு எங்கே சுட்டேன் என்று எனக்கே தெரியாது. ஒருவன் தொடையைப் பிடித்துக்கொண்டு விழுந்தான், ஒருவன் திரும்பி ஓடினான். இருவர் நின்றார்கள். நான் மறுபடி விசையை இழுத்தேன். டிக் என்றது. ஆறும் தீர்ந்துவிட்டது. அந்த டிக் எனக்குக் கேட்ட மாதிரியே அவர்களுக்கும் கேட்டது. இருவரும் அவளைப் பார்த்து வந்தார்கள்.

துப்பாக்கியை ஒடித்தேன்.

அப்புறம் நடந்ததை விசாரணையில் நான் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. என் இடது கை போய்க் குவிந்தது. ஆறு எம்டியும் சூடாக உள்ளங்கையில் வந்து உட்கார்ந்தன. கையைக் கொண்டுபோய்ச் சட்டைப் பையில் போட்டேன். ஓர் எம்டி பையின் விளிம்பில் மாட்டியது, அதை விரலால் உள்ளே தள்ளினேன். பிறகு பொத்தான் போட்டேன். என் வாய் முணுமுணுத்துக்கொண்டிருந்தது. ஒடி, பிடி, பை, பொத்தான். பொத்தான் போட நான் கீழே குனிந்து பார்த்தேன், என் வழக்கப்படி.

நிமிர்ந்தபோது அவள் லத்தி இரண்டாகிக் கிடந்தது. அவள் வலது கையை முகத்துக்கு நேரே உயர்த்தியிருந்தாள். அது இருந்த விதம் சரியாக இல்லை. இரண்டு தோட்டாவைத் திணித்து, மூடி, சுட்டேன். ஓடிவிட்டார்கள். கைதிக்கு ஒரு கீறல் இல்லை.

எவ்வளவு நேரம் போயிருக்கும்? பிறகு எத்தனையோ நாள் வீட்டில் தனியாக நின்று, டம்ளரும் சாக்பீஸும் வைத்துக்கொண்டு எண்ணிப் பார்த்திருக்கிறேன். பிடிக்க ஒன்று. பைக்கு ஒன்று. விளிம்பில் மாட்டியதற்கு ஒன்று. பொத்தானுக்கு இரண்டு. ஐந்து எண்ணிக்கை. ஐந்து எண்ணுவதற்குள் பத்தடியை ஒருவன் நடந்தே கடக்கலாம்.

சாயந்திரம் அவளை ஆஸ்பத்திரியில் உள்ளே கொண்டுபோன பிறகு, என்னை ஆர்மரியில் துப்பாக்கியை ஒப்படைக்கச் சொன்னார்கள். சட்டை முழுக்க அவள் ரத்தம். பொத்தானைக் கழற்றினேன், ஆறை எடுத்து டப்பாவில் போட்டேன். துப்பாக்கிக்குள் இருந்த இரண்டையும் போட்டேன். ஏட்டு எண்ணினார். எட்டு. மறுபடி எண்ணினார். எட்டு.

"சபாஷ்மா. இம்மாங் கலாட்டாவுல கூட ஒண்ணு கொறயல" என்றார். அவர் கண்ணில் நெசமாகவே தண்ணீர் இருந்தது. எனக்கு ஒரு பாராட்டுப் பத்திரம் எழுதிப் போட்டார்கள். அது இன்னும் பீரோவில், புடவைக்கு அடியில் கிடக்கிறது. கிழிக்கவும் மனசு வரவில்லை, பார்க்கவும் மனசு வரவில்லை.

அவள் கையை முழங்கைக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். நாலாம் நாள்தான் என்னை உள்ளே விட்டார்கள். நாலு நாளும் வெளியே நின்று ஒரு வசனம் தயார் பண்ணியிருந்தேன். துப்பாக்கி மாட்டிக்கொண்டது, நட்சத்திரத்துக்கு அடியில் எம்டி புகுந்துவிட்டது, நீ சொன்ன மாதிரியே ஆகிவிட்டது, நான் என்ன செய்ய என்று சொல்ல வேண்டும். அவளே சொன்ன கோளாறு, அவள் நம்புவாள். என் மேல் பழி வராது.

கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். பச்சைச் சட்டை, பொத்தான்கள் திறந்து கிடந்தன. என்னைப் பார்த்ததும் முதலில் கேட்டது இது.

"எம்டி குடுத்துட்டியா?"

"குடுத்துட்டேன்."

"கொறயலியே?"

"கொறயல."

"அப்பாடா. இல்லன்னா ஒன்ன வுட மாட்டானுங்க." சட்டையைக் காட்டினாள். "இந்தப் பொத்தானப் போட்டு வுடு. ஒத்தக் கைக்கு இன்னும் வரல. நர்சம்மாவக் கூப்ட்டு கூப்ட்டு எனக்கே ஒரு மாரி கீது."

கட்டிலில் உட்கார்ந்தேன். குனிந்து துளையைத் தேடினேன், கண்ணில் தண்ணீர், எதுவும் தெரியவில்லை. தயார் பண்ணிய வசனத்தை ஆரம்பித்தேன்.

"அந்தத் துப்பாக்கி மாட்டிக்கிச்சுடி. அந்த நச்சத்திரத்துல..."

"மாட்டல" என்றாள். சத்தமே இல்லாமல்தான் சொன்னாள். "நான் பாத்துக்கினுதான இருந்தேன். பையில போட்ட. ஒண்ணு வெளிய நின்னுச்சு, அத்தயும் தள்ளுன. அப்பறம் குனிஞ்சு பொத்தான் போட்ட."

நான் நிமிரவில்லை.

"அருவா வருது, அத்தக்கூட நான் சரியா பாக்கல. ஒன்னத்தான் பாத்துக்கினு இருந்தேன். சீக்கிரம் போடுடி, சீக்கிரம் போடுடின்னு நெனச்சுக்கினு இருந்தேன். கொறஞ்சா ஒனக்கு வேல பூடுமே."

திட்டியிருக்கலாம். காறித் துப்பியிருக்கலாம். அண்ணன் வீட்டில் உட்கார்ந்து தின்கிறாய் என்று சொன்னவள்தானே நான், அதையாவது திருப்பிக் கேட்டிருக்கலாம். அவள் இடது கையால் என் மோவாயைப் பிடித்து நிமிர்த்தினாள்.

"கீய பாக்காத. மூஞ்சப் பாத்துக்கினே போடு. கைக்குத் தெரியும்."

அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டே போட்டேன். ஐந்து பொத்தான். ஒன்றுகூடத் தவறவில்லை.